வெள்ளை ஷூவில் சேறு

“மாட்டினான்!”

வத்திக்குச்சி என்று ஊர் கூப்பிடும் அந்த ஆள் போட்ட சத்தத்தில் ஜன்னல் கம்பியில் உட்கார்ந்திருந்த புறா பதறிப் பறந்தது. டீக்கடைக்கு மேலே இருந்த அறை அது. கடைக்காரர் காலி அட்டைப்பெட்டிகளையும் கால் உடைந்த ஸ்டூல்களையும் போட்டு வைத்திருந்தார். அப்படி ஒரு ஸ்டூலில் ஒருபக்கமாகச் சாய்ந்து உட்கார்ந்து, நேற்று சாயங்காலத்திலிருந்து ரோட்டுக்கு எதிரே தெரிந்த பஸ் டெப்போவையே கேமரா வழியாகப் பார்த்துப் பார்த்து அவனுக்குக் கழுத்து சுளுக்கியிருந்தது. இன்று விடிந்த கையோடு பலன் கிடைத்துவிட்டது.

“வந்து பாருங்கக்கா! கண்ணு தெரியாதுன்னு சொன்ன மகராசன் ஸ்டியரிங்கை என்னமா வளைக்கிறான் பாருங்க. எனக்கு ரெண்டு கண்ணும் நல்லாத்தான் இருக்கு, ஸ்கூட்டரைக்கூட நேரா நிறுத்தத் தெரியலை.”

அக்கா எழுந்து வந்தாள். ஊரில் அவளுக்கு இன்ஷூரன்ஸ் அக்கா என்று பெயர். இன்ஷூரன்ஸ் கம்பெனியில் பொய் சொல்லிப் பணம் கேட்பவர்களைக் கண்டுபிடிக்கும் வேலையில் இருந்தவள். இடுப்பு எலும்பு நொறுங்கிவிட்டது என்று படுத்துக்கொண்ட ஒருவன் மாமரத்தில் ஏறியதைக் கீழே நின்று கைதட்டிப் பாராட்டியவள். பிறகு சொந்தமாகத் துப்பறியும் ஆபீஸ் திறந்தபோது, ஆள் ஒல்லி, லேசாக உரசினாலே பற்றிக்கொள்வான் என்று தெரிந்தே வத்திக்குச்சியை வேலைக்குச் சேர்த்துக்கொண்டாள்.

கீழே டெப்போவில், கழுவி முடித்த பஸ் ஒன்று சரிவிலிருந்து இறங்கி வந்துகொண்டிருந்தது. டிரைவர் சீட்டில் ஏணி. ஆள் அவ்வளவு உயரம் என்பதால் அந்தப் பெயர். பஸ்ஸுக்கு இடது பக்கம் காய்ந்த சிமெண்ட் நடைபாதை. வலது பக்கம் சோப்பு நுரையும் கழிவு எண்ணெயும் கலந்து கறுப்பாகத் தேங்கிக் கிடக்கும் வாய்க்கால். கழுவுகிற ஆட்கள் குழாயும் பிரஷ்ஷுமாக அந்தச் சேற்றில் கணுக்கால் அளவுக்கு நின்றிருந்தார்கள். யாரோ ஒரு வெள்ளைச் சட்டைக்காரர் பஸ்ஸுக்கு முன்னால் குறுக்கே ஓடியது தெரிந்தது. வத்திக்குச்சி கிளிக் கிளிக் என்று தள்ளினான்.

பஸ் விடாமல் ஹாரன் அடித்துக்கொண்டே போனது.

“யாருக்குடா இந்த ஹாரன்?” என்றாள் அக்கா. “வழியில இப்ப ஒரு பூனைகூட இல்லையே.”

“ரொம்ப நாள் கழிச்சு ஸ்டியரிங் கிடைச்சிருக்கு, ஆசை தீர அடிக்கிறான். விடுங்கக்கா. இந்தப் படத்துல மூஞ்சி நல்லா விழுந்திருக்கு. இது தூரமா விழுந்திருக்கு, ஆட்கள்தான் நிறைய. அழிச்சிடவா?”

“எதையும் அழிக்காதே” என்றாள் அக்கா. கேஸ் முடிந்த சந்தோஷம் அவள் முகத்தில் இல்லை. எத்தனை கேஸ் பிடித்தாலும் இந்த அம்மாவுக்குத் திருப்தி வராது என்று வத்திக்குச்சி அலுத்துக்கொண்டான்.

கேஸ் இதுதான். ஏணி அந்தக் கம்பெனியில் நெடுநாள் டிரைவர். ஒருநாள் இடது கண்ணுக்குள் ரத்தக்குழாய் அடைத்து, அந்தக் கண் அணைந்தே போனது. கம்பெனி டாக்டரே சோதித்துப் பார்த்து, இவர் இனி பஸ் ஓட்டத் தகுதியில்லை என்று எழுதிக் கொடுத்தார். கம்பெனி அவரை வீட்டுக்கு அனுப்பவில்லை. கையில் விளக்குமாற்றைக் கொடுத்து டெப்போவைப் பெருக்கச் சொன்னது. சம்பளம் மட்டும் நேற்று வேலைக்குச் சேர்ந்த ஆளின் சம்பளம். வேலையில் இருக்கும்போது உடம்பு கெட்டவருக்கு வேறு வேலை கொடுத்தால் பழைய சம்பளத்தைக் குறைக்கக் கூடாது என்பது சட்டம். ஏணி தொழிலாளர் அதிகாரியிடம் மனு கொடுத்துவிட்டார். இன்று மத்தியானம் விசாரணை. ஆளுக்குக் கண் நன்றாகவே தெரிகிறது, டாக்டரை ஏமாற்றிவிட்டான், அதை நிரூபித்துக் கொடுங்கள் என்று அக்காவை அமர்த்தியது கம்பெனி மேனேஜர். நிரூபித்துவிட்டால் ஏணிக்குப் பழைய சம்பளமும் இல்லை, விளக்குமாறும் இல்லை. மோசடி செய்தவன் என்ற பெயரோடு வெளியே போகவேண்டியதுதான்.

மேனேஜர் அறைக்குள் நுழைந்ததுமே ரோஜா வாசனை ஸ்பிரே மூக்கில் ஏறியது. மேனேஜர் நாற்காலியில் சாய்ந்து, ஒரு காலை மேஜை இழுப்பறையின் மேல் வைத்து, ஈரத் துணியால் ஷூவைத் தேய்த்துக்கொண்டிருந்தார். பளபளக்கிற வெள்ளை ஷூ. அதன் பாதி உயரத்துக்குக் கறுப்புச் சேறு ஏறியிருந்தது.

“என்ன சார், காலங்காத்தால நாத்து நடப் போனீங்களா?” என்றான் வத்திக்குச்சி.

“கழுதைங்க. தண்ணியை விட்டு டெப்போவையே குட்டையாக்கி வெச்சிருக்கானுங்க. அதை விடுங்க. படம் கிடைச்சுதா?”

வத்திக்குச்சி கேமராவை நீட்டினான். மேனேஜர் சின்னத் திரையில் ஏணியின் முகத்தைப் பார்த்தார். அவர் முகத்தில் சோற்றைக் கண்ட பசிக்காரனின் மலர்ச்சி. மற்ற படங்களைத் தள்ளிப் பார்க்கவில்லை.

“இது போதும். பெருசா பிரிண்ட் போட்டு மத்தியானம் அதிகாரி முன்னாடி நீங்களே வந்து சொல்லிடுங்க.”

“உள்ளதைத்தான் சொல்வேன்” என்றாள் அக்கா.

“அதான் எனக்கும் வேணும்.” அவர் மேஜைமேல் கிடந்த சாவி ஒன்றை எடுத்தார். சிவப்பு ரிப்பன் கட்டிய பஸ் சாவி. அதைக் காதுக்குள் விட்டு, கண்ணை மூடிக்கொண்டு, நிதானமாகக் குடைய ஆரம்பித்தார். குடைந்தபடியே பேசினார். “கண்ணு போச்சு, முதுகு போச்சுன்னு வர்றவனுக்கெல்லாம் பழைய சம்பளம் குடுத்தா கம்பெனி தர்ம ஆஸ்பத்திரி ஆயிடும். ஏணிக்குக் குடுத்தா நாளைக்கே இன்னும் நாலு பேர் வரிசையில நிப்பான். ஒருத்தனை நல்லா அடிச்சாத்தான் மத்தவன் வாயை மூடுவான்.”

சாவியை வெளியே எடுத்து, அதன் நுனியைப் பார்த்து, சட்டையில் துடைக்காமல் மேஜைமேல் வைத்தார். வத்திக்குச்சி காலையில் குடித்த டீ தொண்டைவரை வந்து எட்டிப் பார்த்துவிட்டுப் போனது.

“சாவியெல்லாம் இங்கேயா இருக்கும்?” என்று அக்கா சாதாரணமாகக் கேட்டாள். மேனேஜரின் தலைக்குப் பின்னால் சுவரில் பலகை அடித்து, வரிசையாக ஆணிகள்.

“பின்னே? டீசல் திருடுற பயலுங்க இவனுங்க. ஒரு சாவிகூட என் கையை விட்டுத் தானா எவன் கைக்கும் போகாது. அதுல நான் ரொம்ப கறார்.”

“நல்லது. டெப்போவை ஒருதரம் சுத்திப் பாத்துட்டுப் போறோம்.”

“தாராளமா.”

வெளியே வந்ததும் வத்திக்குச்சி காறித் துப்பினான். “அக்கா, இனி நான் யார்கிட்டயும் சாவி வாங்க மாட்டேன். வீட்டுக்குப் போனா கதவை உடைச்சுக்கிட்டுத்தான் உள்ளே போகப்போறேன்.”

“உன் பொண்டாட்டி உன்னை உடைப்பா. வா.”

அக்கா பாதி வழியிலேயே நின்று, டெப்போ ஆபீஸ் கம்ப்யூட்டரில் படங்களை ஒருமுறை பெரிதாக்கிப் பார்க்கவேண்டும் என்று கேமராவை வாங்கிக்கொண்டு ஆபீஸ் கிளார்க்கிடம் போனாள். திரும்பி வந்தபோது அவள் வாய் கசப்பு மருந்து குடித்தது போல் கோணியிருந்தது.

புறப்படத் தயாராக நின்ற பஸ்களில் ஒன்றின் உள்ளிருந்து வசவு கேட்டது. தொப்பைக்கார டிரைவர் ஒருவர் சீட்டை முன்னால் இழுக்கமுடியாமல் திணறிக்கொண்டிருந்தார்.

“என்னண்ணே, காலையிலயே யாருக்கு அர்ச்சனை?” என்றான் வத்திக்குச்சி.

“தினமும் இதே ரோதனைப்பா. சீட்டைப் பின்னால தள்ளி வெச்சிடுறான், எனக்குக் கால் பிரேக்குக்கு எட்டலை. அது போகட்டும். கண்ணாடியைப் பாரு. உள் கண்ணாடி பயணிங்களைப் பாக்குறதுக்கு. அதைக்கூட இடது பக்கம் திருப்பி வெச்சிடுறான்.”

அக்கா டிரைவர் சீட்டில் ஏறி உட்கார்ந்தாள். உட்காருவதற்குக்கூட இல்லை, விழுவதற்குத்தான் அந்த சீட் சரியாக இருந்தது. அவ்வளவு பின்னால் தள்ளியிருந்தது. தலைக்கு மேலே இருந்த கண்ணாடியில் பயணிகளின் சீட்டுகள் தெரியவில்லை. இடது பக்க ஜன்னல்களும் அதற்கு வெளியே தரையும்தான் தெரிந்தன.

“உயரமான ஆளு, சரி” என்றான் வத்திக்குச்சி. “கண்ணாடி எதுக்கு இப்படி?”

“பயந்த ஆளு வெச்ச கண்ணாடிடா இது” என்றாள் அக்கா.

அவனுக்குப் புரியவில்லை. புரியாததைக் கேட்டால் மானம் போகும் என்று முன்னால் நடந்தான். கழுவும் சரிவுப் பக்கம் கடைசி பஸ் நின்றிருந்தது. புதுச் செருப்பு வீணாகிவிடக் கூடாதே என்று காய்ந்த சிமெண்ட் பாதையில் ஏறி நடந்தான். கழுவுகிற ஆட்கள் எல்லோரும் எதிர்ப் பக்கம் சேற்றில் நின்றிருந்தார்கள். நல்ல வழி இருக்கும்போது சகதியில் நிற்கிற இந்த ஜனங்களுக்கு மூளை எங்கே போயிற்று என்று நினைத்தான்.

ஹாரன் அலறியது. பஸ் நகர்ந்தது.

“ஏய் தம்பி! இந்தப் பக்கம் வா!”

கையில் பிரஷ்ஷோடு ஒரு அம்மா பாய்ந்து வந்தாள். அவன் என்ன ஏது என்று கேட்பதற்குள் சட்டைக் காலரைக் கொத்தாகப் பிடித்து, பஸ்ஸுக்கு முன்னால் குறுக்காக இழுத்துக்கொண்டு ஓடி, சேற்றுக்குள் தள்ளினாள். பஸ்ஸின் இடது சக்கரம் சிமெண்ட் பாதைமேல் ஏறிப் போனது. அவன் நின்றிருந்த இடத்தில் கிடந்த பிளாஸ்டிக் வாளி படாரென்று நசுங்கியது.

வத்திக்குச்சி சேற்றிலிருந்து எழுந்தான். “ஏம்மா, அந்தாளுக்குக் கண்ணு தெரியாதா?”

“தெரியாதுதான்” என்றாள் அந்த அம்மா, அவனை ஏற இறங்கப் பார்த்து. “ஊருக்குப் புதுசா நீ? ஏணி அண்ணன் வண்டி எடுத்தா எல்லாரும் வலது பக்கம் வந்துடணும். அந்தப் பக்கம் யாரு நின்னாலும் அவருக்குத் தெரியாது, கண்ணாடியைத் திருப்பி வெச்சும் சரியா விழாது. அது எங்களுக்குள்ள ஒரு ஏற்பாடு. அதான் இந்தச் சகதியில நிக்கிறோம். வேண்டுதலுக்கா நிக்கிறோம்?”

“அப்புறம் எதுக்கு ஓட்டுறாரு?”

“வண்டியை எடுத்து நிறுத்த ஆள் போட்டா டிரைவர் சம்பளம் குடுக்கணுமே. இவரை வெச்சு எடுத்தா பெருக்குற சம்பளத்தோட போச்சு. முடியாதுன்னு சொன்னா வெளக்குமாறும் கிடையாதாம்.” சொல்லிவிட்டு அவள் நாக்கைக் கடித்துக்கொண்டு குழாய்ப் பக்கம் போய்விட்டாள்.

பஸ் நின்றது. ஏணி இறங்கினார். வாளி உடைந்த சத்தம் அவருக்குக் கேட்டிருக்கிறது. பஸ்ஸைச் சுற்றி ஓடிவந்து, குனிந்து சக்கரத்தடியில் பார்த்தார். வாளிதான் என்று தெரிந்ததும் அப்படியே படிக்கட்டில் உட்கார்ந்துவிட்டார்.

அக்கா அவருக்கு வலது பக்கமாக வந்து நின்றாள். “அண்ணே, இந்தச் சாவியை யார் குடுத்தது?”

ஏணி மேலே மேனேஜர் அறை ஜன்னலை ஒருமுறை பார்த்தார். “எனக்கு வேலை வேணும்மா” என்றார்.

அவர் கையிலிருந்த சாவியில் சிவப்பு ரிப்பன் கட்டியிருந்தது. அதன் நுனியில் மஞ்சளாக ஏதோ ஒட்டியிருந்தது.

வத்திக்குச்சிக்கு அப்போதுதான் எல்லாம் விளங்கியது. சாவியைக் கொடுத்து ஓட்டச் சொன்னதும் அந்த ஆள். ஓட்டுகிறான் பார் என்று படம் பிடிக்கச் சொன்னதும் அந்த ஆள். தன்னைக் கழுத்து சுளுக்க மாடியில் உட்கார வைத்தது திருடனைப் பிடிப்பதற்கில்லை. கட்டிப்போட்ட ஆட்டுக்குப் பக்கத்தில் கத்தியைத் தீட்டிக்கொடுக்க.

“அக்கா, படத்தையெல்லாம் அழிச்சிடுறேன். இப்பவே அழிச்சிடுறேன்.”

“அடப் பைத்தியமே! அந்தப் படம்தான் இந்த மனுஷனைக் காப்பாத்தப் போகுது.”

தொழிலாளர் அதிகாரிக்கு ஜலதோஷம். மூக்கைத் துடைத்து வெந்நீர் குடித்து மறுபடி துடைத்துக்கொண்டிருந்தார். அவருக்கு முன்னால் ஒரு பக்கம் மேனேஜர்; ஷூ மறுபடி பளிச்சென்று இருந்தது. மறுபக்கம் ஏணி. அவருக்கு இடப்பக்கத்தில் அவர் மனைவி உட்கார்ந்திருந்தாள். தையல் வேலைக்குப் போகிறவள், விரலில் ஊசி குத்திய தழும்புகள். கிளார்க் ஒருவர் இடது பக்கமாக வந்தபோதெல்லாம் அவள் கணவனின் முழங்கையை லேசாகத் தொட்டாள். அவர் தலையைத் திருப்பினார். அது அவர்களுக்குப் பழகிப் போயிருந்தது.

மேனேஜர் பெரிய படத்தை மேஜைமேல் வைத்தார். “பாருங்க சார். பஸ் ஓட்டத் தகுதியில்லாதவர் பஸ் ஓட்டுறார். சாவியைத் திருட்டுத்தனமா எடுத்து ஓட்டுறதை நாங்க இன்னைக்குத்தான் கண்டுபிடிச்சோம். டாக்டரை ஏமாத்தியிருக்கார். படம் எடுத்தவங்களே இருக்காங்க, கேளுங்க.”

ஏணியின் மனைவி வாயைப் பொத்திக்கொண்டாள். ஏணி தரையைப் பார்த்தார்.

அதிகாரி அக்காவைப் பார்த்தார். “நீங்க எடுத்ததா?”

“ஆமா சார். எங்க ஆளு எடுத்தது. இவர் ஓட்டினது நிஜம்.”

மேனேஜர் நாற்காலியில் நன்றாகச் சாய்ந்தார்.

“ஆனா இன்னொரு படமும் இருக்கு” என்று அக்கா உறையிலிருந்து எடுத்து வைத்தாள். காலையில் வத்திக்குச்சி அழிக்கப் பார்த்த படம். “இதுல ஏணி அண்ணனைப் பாக்காதீங்க. மத்தவங்களைப் பாருங்க. இடது பக்கம் காய்ஞ்ச நடைபாதை. நல்ல அகலம். அதுல ஒருத்தர்கூட இல்லை. அத்தனை பேரும் வலது பக்கம் சாக்கடையில நிக்கிறாங்க. ஏன் சார்?”

அதிகாரி படத்தைக் கண்ணுக்குப் பக்கத்தில் கொண்டுபோனார்.

“ஏன்னா இடது பக்கம் நின்னா இவருக்குத் தெரியாது. அங்கே வேலை பாக்குற எல்லாருக்கும் அது தெரியும். உயிருக்குப் பயந்து சகதியில நிக்கிறாங்க.”

“கழுவுறவங்க தண்ணியில நிக்காம வேற எங்கே நிப்பாங்க?” என்று மேனேஜர் சிரித்தார். “அவனுங்க எல்லாம் கூட்டுக்களவாணிங்க சார். அவனுக்காக எங்க வேணும்னாலும் நிப்பானுங்க.”

“சரி” என்றாள் அக்கா. “அப்ப இவர் யாரு?”

படத்தின் ஓரத்தில் ஒரு வெள்ளைச் சட்டைக்காரர். காய்ந்த பாதையிலிருந்து, பஸ்ஸுக்கு முன்னால் குறுக்கே பாய்ந்து, வலது பக்கச் சேற்றில் பாதி ஷூ முங்க இறங்கியிருந்தார். பெரிதாக்கியிருந்ததால் முகம்கூடத் தெளிவாகத் தெரிந்தது. வாய் பிளந்திருந்தது.

அதிகாரி படத்திலிருந்து நிமிர்ந்து மேனேஜரைப் பார்த்தார். மேனேஜர் முகத்தில் ஈயாடவில்லை.

“வெள்ளை ஷூ போட்டவர் எதுக்கு சார் சாக்கடையில குதிச்சார்?” என்று அக்கா கேட்டாள். குரலை உயர்த்தவில்லை. அருவருப்பான எதையோ இரண்டு விரலால் தூக்குவதுபோல் ஒவ்வொரு வார்த்தையாகச் சொன்னாள். “ஏணி அண்ணனுக்கு ரெண்டு கண்ணும் தெரியும்னு சொல்றவர், அவர் ஓட்டுற பஸ்ஸுக்கு இடது பக்கம் ஒரு நிமிஷம் நிக்கப் பயந்து ஓடியிருக்கார். அப்புறம் சாவி. ஒரு சாவிகூட என் கையை விட்டுப் போகாதுன்னு எங்ககிட்ட இவர்தான் பெருமையா சொன்னார்.”

“எந்தச் சாவின்னு அடையாளமும் சொல்லலாம்” என்றான் ஏணிக்குப் பின்னால் சுவரோரம் நின்ற வத்திக்குச்சி. “காதுல விட்டுக் குடைஞ்ச சாவி சார். அதோட சாட்சி இன்னும் அதுலயே ஒட்டிக்கிட்டு இருக்கும்.”

அதிகாரி வெந்நீர் டம்ளரைத் தள்ளி வைத்தார்.

“சம்பளம்னு வந்தா இவர் பெருக்குற ஆளு” என்றாள் அக்கா. “வேலைன்னு வந்தா டிரைவர். சட்டம்னு வந்தா மோசடிக்காரர். ஒரே மனுஷனை எத்தனை தரம்தான் தின்பீங்க?”

மேனேஜர் அக்காவை நோக்கி விரலை நீட்டினார். “நான்... நீங்க எங்க ஆளு. நாங்கதான் உங்களுக்குக் காசு குடுத்தோம்.”

“உள்ளதைச் சொல்றதுக்குக் குடுத்தீங்க. சொல்லிட்டேன்.”

அதிகாரி நீண்ட நேரம் மேனேஜரின் முகத்தைப் பார்க்கவில்லை. மேஜைக்குக் கீழே அவருடைய ஷூவைத்தான் பார்த்தார். பிறகு மூக்கைத் துடைத்துக்கொண்டு சொன்னார்: “கண்ணு போன நாள்லேருந்து இவருக்குப் பழைய டிரைவர் சம்பளம். பிடிச்சதையெல்லாம் திருப்பிக் குடுக்கணும். ஒரு கண்ணு போன ஆளை மிரட்டி ஆட்களுக்கு நடுவுல பஸ் ஓட்ட வெச்சதுக்குத் தனியா ஒரு விசாரணை இருக்கு. அதுக்கு நீங்க வக்கீலோட வாங்க. அதே ஷூ போட்டுக்கிட்டு வாங்க.”

ஏணியின் மனைவி சத்தமில்லாமல் அழுதாள். ஏணிக்கு அது தெரியவில்லை. அவள் இடப்பக்கம் இருந்தாள். அவள் தொட்ட பிறகுதான் திரும்பினார்.

வெளியே வராந்தாவில் கூட்டம் கலைந்தது. மேனேஜர் யாரையும் பார்க்காமல் கைபேசியைக் காதில் வைத்துக்கொண்டு படியிறங்கினார்.

“நல்ல வேலை செஞ்சேடா” என்றாள் அக்கா.

“நானா? நான் அவனுக்காகத்தானே எடுத்தேன். கையைக் கழுவணும்போல இருக்கு அக்கா.”

சொல்லிவிட்டு ஏணியைத் தேடிப் போனான். அவர் தூணருகே தனியாக நின்றிருந்தார். மனைவி தண்ணீர் பிடிக்கப் போயிருந்தாள். வத்திக்குச்சி பக்கத்தில் போய் நின்று, தொண்டையைச் செருமி, கையை நீட்டினான். என்னை மன்னிச்சிடுங்கண்ணே, அந்தப் படத்தை எடுத்தது நான்தான் என்று சொல்ல வாய் வரை வந்தது.

ஏணி திரும்பவில்லை. நீட்டிய கை அப்படியே அந்தரத்தில் நின்றது. கோபம்தான், இருக்கட்டும், நியாயம்தான் என்று நினைத்துக் கையை மடக்கினான். அப்புறம்தான் தான் எந்தப் பக்கம் நிற்கிறோம் என்று உறைத்தது.

தூணைச் சுற்றிக்கொண்டு வலது பக்கம் போய் நின்றான்.

ஏணியின் முகம் மலர்ந்தது. குனிந்து, வத்திக்குச்சியின் கால்களையும் சேறு காய்ந்த செருப்பையும் கவலையோடு பார்த்தார்.

“அட, காலையில அந்தப் பக்கம் நின்ன தம்பியா? வாளி உடைஞ்சப்போ எனக்கு உயிரே போயிடுச்சுப்பா. உனக்கு அடி எதுவும் படலையே?”